தேதி போடாத பேனர்

அந்தப் புதன்கிழமை சாயங்காலம் கூடத்தில் ஐந்து பேர் இருந்தார்கள். மின்விசிறி சுவிட்சுக்குக் கீழே பிளாஸ்டிக் நாற்காலியில் சண்முகசுந்தரம், மின்துறை வேலையிலிருந்து வந்த சட்டையைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தார். அவருக்கு எதிரே ஜன்னலோரக் கட்டிலில் அவருடைய அக்கா பெரியநாயகி. புருஷன் போனபிறகு ஆறு வருஷமாக அவளுக்கு இந்தக் கோட்டுச்சேரி வீடுதான் வீடு. டிவி ஸ்டாண்டில் முதுகைச் சாய்த்துத் தரையில் மகன் மாறன், பிளஸ் டூ படிக்கிறவன். சமையலறை வாசற்படியில் முழங்காலைக் கட்டிக்கொண்டு மகள் தமிழ்மொழி. பதினைந்து முடிந்து பதினாறு நடக்கிறது. பிள்ளைகளின் அம்மா தேவிகா மட்டும் உட்காரவில்லை. ஸ்கேன் ரிப்போர்ட் வைத்த கவரைக் கையில் பிடித்தபடி சாமி அலமாரிக்கும் வாசலுக்கும் நடுவில் நின்றாள். வாசல் கதவைத் தாழ்ப்பாள் போட்டதும் அவள்தான். வெளிச்சம் இருக்கும்போது அந்தக் கதவு சாத்தி அந்தத் தெருவில் யாரும் பார்த்ததில்லை.

"டாக்டர் என்னதான் சொன்னாங்க?" என்று பெரியநாயகி மூன்றாவது தடவையாகக் கேட்டாள்.

காலையில் நடந்ததையே தேவிகா இன்னும் தனக்குள் ஒழுங்காக அடுக்கி முடிக்கவில்லை. கூட்டுறவுச் சங்கத்தில் எழுத்தர் வேலை பார்க்கிறவள் அவள். எதையும் முதல், அடுத்தது, கடைசி என்று வரிசை வைத்துத்தான் யோசிப்பாள். அன்றைக்கு வரிசை கூடிவரவில்லை.

முதலில் நடந்தது இது. அரையாண்டு விடுமுறை விட்டவுடன் மகளைக் காரைக்காலில் ஒரு லேடி டாக்டரிடம் அழைத்துப் போவது என்று முடிவு செய்திருந்தாள். காரணம் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். சொந்தத்தில் உள்ள பெண்பிள்ளைகள் எல்லாம் பன்னிரண்டு பதின்மூன்றில் பெரிய மனுஷியாகிவிட்டார்கள். தமிழ்மொழி மட்டும் இன்னும் ஆகவில்லை. எந்த விசேஷத்துக்குப் போனாலும் யாராவது ஒருத்தி தேவிகாவின் கையைப் பிடித்து, "இன்னுமா?" என்று காதோடு கேட்டுவிடுவாள். தேவிகா ஒரு வருஷமாக வெள்ளி தவறாமல் உளுந்தங்களி கிண்டினாள். நல்லெண்ணெயில் முட்டை ஊற்றிக் கொடுத்தாள். மாரியம்மனுக்கு மாவிளக்கு நேர்ந்துகொண்டாள். மகள் களியையும் முட்டையையும் ஒரு வார்த்தை பேசாமல் தின்றாள்.

டாக்டர் ஸ்கேனைப் பார்த்தார். பிறகு தேவிகாவைக் கொஞ்சம் வெளியே இருக்கச் சொன்னார். பத்து நிமிஷம் கழித்து உள்ளே கூப்பிட்டார். தமிழ்மொழி தலையைக் குனிந்திருந்தாள். "நீயே சொல்றியாம்மா, நான் சொல்லட்டுமா?" என்று டாக்டர் அவளைத்தான் கேட்டார். அவள், நீங்களே சொல்லுங்க என்பதுபோலக் கையைக் காட்டினாள்.

"உங்க பொண்ணுக்கு ஒரு குறையும் இல்லம்மா. அவ பெரியவளாகி ஒன்றரை வருஷம் ஆச்சு. மாசாமாசம் சரியா வருது. உங்களுக்குத்தான் தெரியல."

திரும்பி வரும்போது பஸ்ஸில் இருவரும் பக்கத்துப் பக்கத்தில்தான் உட்கார்ந்தார்கள். கண்டக்டர் டிக்கெட் கேட்டபோது தேவிகா ஸ்கேன் கவரை நீட்டினாள்.

இதையெல்லாம் கூடத்தில் அவள் ஒரே வாக்கியமாகச் சொல்லி முடித்தாள். சண்முகசுந்தரம் மகளைப் பார்க்கவில்லை. இதுபோன்ற சேதியை அப்பாக்களிடம் நேராகச் சொல்லும் வழக்கம் அந்த வீட்டில் கிடையாது. அவருக்கு எந்தப் பக்கம் முகத்தைத் திருப்புவது என்று தெரியவில்லை, காலண்டரைப் பார்த்தார்.

"ஒன்றரை வருஷம்னா எப்ப?" என்றாள் பெரியநாயகி.

"போன வருஷம் மாங்கனி அன்னிக்கு," என்றாள் தமிழ்மொழி. படியிலிருந்து அவள் பேசிய முதல் பேச்சு அதுதான்.

தேவிகாவின் கையிலிருந்த கவர் நழுவிக் கீழே விழுந்தது. அந்த நாள் அவளுக்கு நன்றாக ஞாபகம் இருந்தது. மாங்கனித் திருவிழாவுக்கு அவளும் பெரியநாயகியும் காரைக்காலுக்குப் போயிருந்தார்கள். வயிறு வலிக்கிறது, வரவில்லை என்று மகள் வீட்டிலேயே இருந்துகொண்டாள். துணைக்கு மாறன். சாமி வீதி வரும்போது மாடியிலிருந்து வீசிய மாம்பழத்தில் இரண்டு பெரியநாயகியின் மடியில் விழுந்தன. அதைக் கொண்டுவந்து முதல் துண்டை மகள் வாயில் வைத்தது தேவிகா. இன்னும் வலிக்கிறதா என்று கேட்டு ஓமத் தண்ணீர் கொடுத்ததும் அவள்தான். அதற்குப் பிறகு எத்தனை ஓமத் தண்ணீர்! மாதம் ஒருமுறை வயிற்றுவலி, மாதம் ஒருமுறை ஓமத் தண்ணீர். பாத்ரூமில் இவ்வளவு நேரமா, டேங்க் காலியாகிறது என்று கதவைத் தட்டியதும் எத்தனை தடவை. எல்லாம் கண்ணுக்கு முன்னால்தான் நடந்திருக்கிறது. சங்கத்தில் ஒரு ரசீதில் தேதி மாறியிருந்தால் தூரத்திலிருந்தே கண்டுபிடித்துவிடுகிறவள், இதைக் கண்டுபிடிக்கவில்லை.

பெரியநாயகியின் மனம் வேறு பக்கம் ஓடியது. அவள் விரல் விட்டு எண்ண ஆரம்பித்தாள். ஆடி வெள்ளிக்கு விளக்கு ஏற்றியது இவள்தானே. கார்த்திகைக்கு அகல் வைத்தது இவள்தானே. மாரியம்மன் கோயிலில் பொங்கல் பானைக்குப் பக்கத்தில் நின்றது, சாமி தட்டை எடுத்துத் தன் கையில் கொடுத்தது, எல்லாம் எந்த எந்த நாளோ.

"தீட்டோட விளக்கேத்துனியாடி?"

"சாமி ஒண்ணும் சொல்லலையே அத்தை," என்றான் மாறன்.

எல்லோரும் அவனைத் திரும்பிப் பார்த்தார்கள். அதுவரை அவன் அங்கே இருப்பதே யாருக்கும் உறைக்கவில்லை. பொம்பளைகள் பேசுகிற விஷயம், எழுந்து வெளியே போடா என்று சொல்ல தேவிகா வாயெடுத்தாள். ஆனால் அவன் முகத்தில் ஆச்சரியமே இல்லை. தமிழ்மொழியை விட்டால் அந்தக் கூடத்தில் ஆச்சரியப்படாத முகம் அது ஒன்றுதான்.

"உனக்குத் தெரியுமா?"

மாறன் தங்கையைப் பார்த்தான். அவள் தலையாட்டிய பிறகுதான் பேசினான். அன்றைக்கு வீட்டில் அவர்கள் இருவர் மட்டும் இருந்தபோது பாத்ரூம் கதவுக்கு அந்தப் பக்கத்திலிருந்து அவள் அண்ணே, அண்ணே என்று கூப்பிட்டிருக்கிறாள். வழுக்கி விழுந்து அடிபட்டுக்கொண்டாள் என்றுதான் அவன் நினைத்தான். அவள் கதவைத் திறக்காமலே சொன்னாள். அம்மாவிடம் சொல்லக்கூடாது என்று சத்தியம் வாங்கிக்கொண்டாள். அவன் சைக்கிளை எடுத்துக்கொண்டு மெடிக்கலுக்குப் போனான். கடையில் அல்லா பிச்சை பாய் இருந்தார். என்ன பெயர் சொல்லிக் கேட்பது என்று தெரியாமல் விளம்பரத்தில் வருகிற கவரைக் கையால் காட்டினான். பாய் ஒன்றும் கேட்கவில்லை. பேப்பரில் சுற்றிக் கறுப்புப் பையில் போட்டுக் கொடுத்தார். அதற்கப்புறம் மாதாமாதம் டியூஷன் முடிந்து வரும்போது அவன்தான் வாங்கிவந்தான். பள்ளிக்கூடத்தில் கொடுப்பதை வாங்கினால் கூடப்படிக்கிற யாராவது அம்மாவிடம் வந்து உளறிவிடுவார்கள் என்று தமிழ்மொழி அதை வாங்குவதில்லை. வாங்கியதை மாறன் பையில் கெமிஸ்ட்ரி நோட்டுக்கு அடியில் வைத்து உள்ளே கொண்டுவருவான். அந்தப் பையை தேவிகா வாரத்துக்கு ஒருதரம் துவைப்பாள். துவைக்கிற நாளை அவன் தெரிந்து வைத்திருந்தான்.

சண்முகசுந்தரம் அப்போதுதான் வாயைத் திறந்தார். "ஒனக்கு வெக்கமா இல்லையாடா?"

"முதல் தடவை இருந்திச்சுப்பா," என்றான் மாறன்.

சண்முகசுந்தரம் சட்டைப் பித்தானை ஒவ்வொன்றாகக் கழற்றினார், மறுபடி போட்டார்.

பெரியநாயகி சுதாரித்துக்கொண்டாள். எதையும் சரிசெய்துவிடலாம் என்று நம்புகிறவள் அவள். நடந்தது நடந்துவிட்டது, வெளியில் யாருக்கும் தெரியாது, டாக்டர் சொல்லப்போவதில்லை, பாயும் சொல்லமாட்டார் என்று அடுக்கினாள். இன்றைக்குத்தான் ஆனாள் என்று சொல்லிவிட்டால் முடிந்தது. டாக்டரிடம் போய்வந்த ராசி என்று ஊரே பேசும். விழிதியூருக்கு இப்போதே போன் போட்டுச் சொல்லவேண்டும். தை பிறந்ததும் முதல் முகூர்த்தத்தில் சடங்கை வைத்துவிடலாம்.

விழிதியூரில் இருப்பது தேவிகாவின் அண்ணன் செம்பியன். அப்பா இல்லாத வீட்டில் தேவிகாவைப் படிக்கவைத்துக் கல்யாணம் செய்து கொடுத்தவர் அவர்தான். பொங்கலுக்குப் பொங்கல் அரிசியும் கரும்பும் வெல்லமும் வண்டியில் ஏற்றிக்கொண்டு தங்கை வாசலில் வந்து இறங்குவார். தாய்மாமன் சீர் என்றால் தெருவே திரும்பிப் பார்க்கவேண்டும் அவருக்கு. சடங்கில் பெண்ணை உட்காரவைக்கிற ஓலைக் குச்சுக் கட்டுவதற்கென்றே கொல்லையில் ஒரு தென்னையில் கீற்று வெட்டாமல் விட்டு வைத்திருந்தார். அவர்கள் வழக்கத்தில் குச்சுக்கு முதல் கீற்றைத் தாய்மாமன் வைப்பார். அவருக்குக் கல்யாணமாகாத மகன் இருந்தால் அவன் வைப்பான். அவன் வைத்தால் அந்தப் பெண் அவனுக்கு என்று சபை அறியச் சொன்னதாக அர்த்தம். செம்பியனுக்குக் கதிரவன் என்று ஒரே மகன். வயது இருபத்து நான்கு. கீழவாஞ்சூர் துறைமுகத்தில் லாரி எடைபோடும் இடத்தில் வேலை.

பெரியநாயகி சொன்னது தேவிகாவுக்குச் சரியாகவே பட்டது. அண்ணன் முகம் கோணாமல் இருக்க அதுதான் வழி. ஒரே ஒரு பொய், அதுவும் தேதியில் மட்டும். அவள் போனை எடுத்தாள்.

"நடத்துங்கம்மா," என்றாள் தமிழ்மொழி. "நான் குச்சுல உக்காருறேன். புடவை கட்டிக்கிறேன். ஆனா வந்து திருநீறு பூசுறவங்க ஒவ்வொருத்தருகிட்டயும் தேதியச் சொல்லுவேன். போன வருஷம் மாங்கனின்னு."

அவள் கத்தவில்லை. அழவும் இல்லை. மளிகைக் கடையில் சாமான் சொல்வதுபோலச் சொன்னாள். அதுதான் தேவிகாவை உலுக்கியது. பெரியநாயகி நெஞ்சில் கையை வைத்துக்கொண்டு, இது நம்ம வீட்டுப் பிள்ளைதானா என்று தம்பியைக் கேட்டாள்.

"ஏண்டி இப்படிப் பண்ணுன?" என்றாள் தேவிகா. காலையிலிருந்து கேட்கவேண்டிய கேள்வி அது. அப்போதுதான் கேட்க வந்தது. "அம்மாகிட்ட சொல்லாம மறைக்கிற அளவுக்கு நான் என்னடி செஞ்சேன்?"

தமிழ்மொழி முதல்முறையாக அம்மாவின் முகத்தை நேராகப் பார்த்தாள்.

"அதுக்கு முந்தின பொங்கல்ல மாமா சீர் கொண்டாந்தாங்கள்ல. இங்கதான் உக்காந்திருந்தாங்க, அப்பா நாற்காலில. இவ உக்காந்த அன்னிக்கே கதிரவனுக்குன்னு சொல்லிடணும்னாங்க. நீங்க காப்பிய நீட்டிக்கிட்டே, 'ஒங்க வீட்டுப் பொருள்தானேண்ணே, எப்ப வேணா எடுத்துட்டுப் போங்க'ன்னீங்க. நான் இந்தப் படியிலதான் இருந்தேன்."

தேவிகா இல்லை என்று சொல்ல நினைத்தாள். ஆனால் சொன்னது ஞாபகம் வந்துவிட்டது. சொன்ன குரல்கூட ஞாபகம் வந்தது. அது ஒரு மரியாதைப் பேச்சு. அண்ணன் சீர் கொண்டுவந்து உட்கார்ந்திருக்கும்போது தங்கச்சி சொல்கிற பேச்சு. அவள் அம்மாவும் அப்படித்தான் பேசுவாள், தெருவில் பத்து வீட்டில் பத்துப் பேரும் அப்படித்தான் பேசுவார்கள். சொன்ன கையோடு காப்பி டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போயிருப்பாள். அந்தப் பேச்சைக் கேட்டு ஒருத்தி ஒன்றரை வருஷம் தன் உடம்பையே ஒளித்துவைத்திருக்கிறாள்.

"அது சும்மா சொன்னதுடி."

"மாமா சும்மா கேக்கல."

அந்த நேரத்தில்தான் போன் அடித்தது. செம்பியன். டாக்டர் என்ன சொன்னார் என்று கேட்கத்தான். தேவிகா ஸ்பீக்கரில் போடவில்லை. ஆனால் அண்ணன் பேசினால் ஸ்பீக்கர் தேவையில்லை. டாக்டர் ஒன்றும் குறையில்லை என்று சொல்லிவிட்டார் என்றாள். அதில் பொய்யில்லை. செம்பியன் மாரியம்மனுக்கு ஒரு கும்பிடு போட்டுவிட்டு, அப்படியானால் தையில் நல்ல சேதி வந்துவிடும் என்றார். பிறகு அவர்பாட்டுக்குப் பேசிக்கொண்டே போனார். மண்டபத்துக்கு வாய்மொழியாகச் சொல்லி வைத்தாயிற்று. பேனர் ஒன்றும் அடிக்கச் சொல்லியிருக்கிறார். டிசைன் போட்டுக் கொடுத்துவிட்டார்கள், அனுப்பியிருக்கிறேன் பார் என்றார்.

"கதிரவனுக்குத் தெரியுமாண்ணே?" என்று தேவிகா நடுவில் கேட்டாள்.

"அவன்கிட்ட என்னத்தக் கேக்குறது? அவன் போட்டாவத்தான் நல்லதா ஒண்ணு குடுன்னு வாங்கிருக்கேன்."

போனை வைத்துவிட்டு அவள் வாட்ஸ்அப்பைத் திறந்தாள். படம் இறங்குவதற்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. முதலில் மேலே வாழைமரமும் நாதஸ்வரமும் தெரிந்தன. பிறகு தமிழ்மொழியின் முகம். அது எட்டாம் வகுப்பில், ஒரு கல்யாணத்தில் எடுத்த படம். இரட்டைச் சடையில் ஒரு சடையைக் கையில் பிடித்துக்கொண்டு, வாயில் ஏதோ மிட்டாய் ஒதுக்கியதுபோல ஒரு கன்னம் உப்பி இருந்தது. உதட்டுக்குச் சிவப்புப் பூசியிருந்தார்கள். கழுத்துக்குக் கீழே வேறு யாருடைய பட்டுப்புடவையோ ஒட்டியிருந்தது. அவளுக்குப் பக்கத்தில் அதே அளவில் கதிரவன், கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு, கையைக் கட்டிக்கொண்டு. கீழே தாய்மாமன் செம்பியன் குடும்பத்தார் என்று தங்க எழுத்தில் இருந்தது. நாள் என்று போட்டு, எதிரில் காலியாக விட்டிருந்தது.

தேவிகா படத்தைப் பெரிதாக்கினாள். மகளின் கன்னத்தில் மிட்டாய் இருந்த இடத்தைப் பார்த்தாள். பக்கத்தில் மீசை வைத்த ஆணைப் பார்த்தாள். போனை சண்முகசுந்தரத்திடம் நீட்டினாள். அவர் பார்த்தார். முகம் மெல்ல மெல்ல மாறியது.

"கொழந்தைடி இது," என்றார். அவ்வளவுதான் சொன்னார். எழுந்து கொல்லைப்பக்கம் போய்விட்டார்.

போன் மாறன் கைக்குப் போனது, அங்கிருந்து பெரியநாயகி கைக்கு. பெரியநாயகி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நெடுநேரம் பார்த்தாள். இந்தப் புடவை யாருடையது என்று மட்டும் கேட்டாள். தமிழ்மொழி வாங்கிப் பார்க்கவே இல்லை; மாமா ஸ்டேட்டஸில் வைக்காமல் இருந்தால் சரி என்றாள்.

தேவிகா சாமி அலமாரிக்குக் கீழே இருந்து சங்கத்து லெட்டர் பேடை எடுத்தாள். பிறகு அது சங்கத்துடையது என்பதால் திரும்ப வைத்துவிட்டு, மாறனின் நோட்டிலிருந்து நடுத்தாளைக் கிழித்துவரச் சொன்னாள். சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்தாள். வீட்டுக்கு வந்ததிலிருந்து அவள் உட்கார்ந்தது அப்போதுதான்.

எட்டு கிலோமீட்டரில் இருக்கிறவருக்கு லெட்டரா என்றாள் பெரியநாயகி. ஆனால் போனில் சொன்னால் பத்து நிமிஷத்தில் அண்ணன் வாசலில் வண்டியை நிறுத்துவார். வந்து உட்கார்ந்து, நான் உனக்கு என்ன குறை வைத்தேன் என்று ஆரம்பித்தால் தேவிகா அழுதுவிடுவாள். அழுதால் சரி என்று தலையாட்டிவிடுவாள். தன்னைப் பற்றி அவளுக்கு அந்த அளவு தெரியும். கடிதம் என்றால் அவர் முதலில் முழுசாகப் படித்தாகவேண்டும்.

நான்கு தடவை எழுதிக் கிழித்தாள். ஐந்தாவது தடவை எழுதியது இது.

'அன்புள்ள அண்ணனுக்கு, தேவிகா எழுதிக்கொள்வது. இங்கு எல்லோரும் சுகம். தமிழ்மொழி பெரிய மனுஷியாகி ஒன்றரை வருஷம் ஆகிறது. எனக்கு இன்றைக்குத்தான் தெரியும். அவள் பயந்துகொண்டு மறைத்திருக்கிறாள். பயந்தது உங்களுக்கு இல்லை, எனக்கு. பொங்கலில் உங்கள் வீட்டுப் பொருள் என்று நான் ஒரு வார்த்தை சொன்னேன். அவள் பொருள் இல்லை அண்ணே. அந்த வார்த்தையை நான் திரும்ப வாங்கிக்கொள்கிறேன். சடங்கு வைக்கவில்லை. மண்டபத்துக்குச் சொன்னதை நிறுத்திவிடுங்கள். பேனரை அடிக்கவேண்டாம், படத்தை யாருக்கும் அனுப்பவும் வேண்டாம். கதிரவனுக்கு அவன் மனசுக்குப் பிடித்த இடமாகப் பாருங்கள், அவனையும் கேளுங்கள். நீங்கள் எனக்குச் செய்தது ஒன்றையும் நான் மறக்கவில்லை. இந்தப் பொங்கலுக்கு நீங்கள் சீர் கொண்டுவராவிட்டாலும் நான் உங்கள் வீட்டுக்கு வருவேன். கதவைத் திறப்பதும் திறக்காததும் உங்கள் இஷ்டம்.'

படித்துக் காட்டினாள். தமிழ்மொழி படியிலிருந்து எழுந்து வந்து மேஜைக்குப் பக்கத்தில் நின்றாள். அம்மாவைத் தொடவில்லை. மாமா வராமல் இருந்துவிட்டால் என்ன செய்வீர்கள் என்று கேட்டாள். தெரியவில்லை என்று தேவிகா சொன்னாள். கொல்லையிலிருந்து வந்த சண்முகசுந்தரம் பேனாவை வாங்கித் தன் பெயரையும் கீழே எழுதினார்.

நல்ல சேதி என்றால் லெட்டரின் நாலு மூலையில் மஞ்சள் தடவவேண்டும், இதை என்ன சேதி என்று வைத்துக்கொள்வது என்று பெரியநாயகி கேட்டாள். கேலியாகக் கேட்கவில்லை, நிஜமாகவே அவளுக்கு விளங்கவில்லை. தேவிகா கொஞ்சம் யோசித்தாள். பிறகு மகளைப் பார்த்து, சமையலறையிலிருந்து மஞ்சள்தூள் டப்பாவை எடுத்துவா என்றாள்.

மறுநாள் காலை சங்கத்துக்குப் போகும் வழியில் தேவிகா தபால் ஆபீசில் நின்றாள். பசை டப்பா காய்ந்து கிடந்தது. கொஞ்சம் தண்ணீர் விட்டுக் குழைத்துக் கவரின் வாயை ஒட்டினாள். ஒரு ஓரம் கோணலாக ஒட்டிக்கொண்டது. ஸ்பீட் போஸ்ட் என்று கவுண்டரில் நீட்டினாள். உள்ளே இருந்த பெண் முகவரியைப் பார்த்துவிட்டு நிமிர்ந்தாள்.

"விழிதியூர்தானேக்கா? பஸ்ல போனா இருபது நிமிஷம்."

"தெரியும்மா. நீ போடு."

அந்தப் பெண் கவரை எடை பார்த்தாள், ஸ்டிக்கரை ஒட்டினாள், முத்திரையை இரண்டு தடவை குத்தினாள். பின்னால் இருந்த தபால் பைக்குள் போட்டுவிட்டு, அடுத்து யார் என்று கேட்டாள்.